உங்க பேர் எந்த கார்டுல எப்படி இருக்கு?

வாசிக்கும் முன்னாடி ஒரு சின்ன வேலை செய்யுங்க மக்களே. பத்தாம் வகுப்பு மார்க் ஷீட், டி.சி., ஆதார், பான் கார்டு, பேங்க் பாஸ்புக், பாஸ்போர்ட் இருந்தா அதுவும், எல்லாத்தையும் எடுத்து மேசை மேல வரிசையா வையுங்க. இப்போ பேரை மட்டும் ஆங்கிலத்துல ஒவ்வொரு எழுத்தா வாசிங்க. இனிஷியல் முன்னாடி இருக்கா, பின்னாடி இருக்கா, விரிச்சு எழுதியிருக்கா, பேருக்கு நடுவுல இடைவெளி இருக்கான்னு பாருங்க. எல்லாத்துலயும் ஒரே மாதிரி இருந்தா நீங்க கொடுத்து வச்சவங்க. இல்லைன்னா, இந்தப் பாடம் உங்களுக்குத்தான்.

குலசேகரம் ஜங்ஷன்ல நின்னு கடை போர்டுகளைப் பாருங்க. ஊர்ப் பேரை ஒரு கடைக்காரர் 'கே'க்கு அப்புறம் 'ஹெச்' போட்டு எழுதியிருப்பார், அடுத்த கடைக்காரர் 'ஹெச்' இல்லாம எழுதியிருப்பார். ஊருக்கு அதனால ஒரு நஷ்டமும் இல்ல. பஸ் நிக்கும், தபாலும் வந்து சேரும். ஆனா ஆளோட பேர்ல ஒரு எழுத்து மாறினா கதை வேற. அது எனக்குத் தெரிஞ்சது மூணாம் வருஷ விடுமுறையில.

ஒரு இன்டர்ன்ஷிப் கிடைச்சது. ஆவணங்களை ஏத்தச் சொன்னாங்க. மூணாம் நாள் மெயில் வந்தது: மூன்று ஆவணங்களில் மூன்று விதமாகப் பெயர் இருக்கிறது, ஏழு நாளுக்குள் விளக்கம் வேண்டும். பத்தாம் வகுப்பில் இனிஷியலோட என் பேர். ஆதாரில் இனிஷியலே இல்ல, ஒரு எழுத்தும் கூடுதல். பான் கார்டில் அப்பாவோட முழுப் பேரும் சேர்ந்திருக்கு. மூணும் நான்தான், ஆனா அதைச் சொல்ல என்கிட்ட ஒரு தாளும் இல்ல.

ஒரு மையத்தில் போய்க் கேட்டேன். "அரசிதழ்ல பேர் மாத்திப் போட்டா எல்லாம் சரியாயிடும்"னு சொல்லி அங்கேயே படிவத்தை நிரப்ப ஆரம்பிச்சுட்டாங்க. வீட்டுக்கு வந்து சொன்னப்போ, அம்மாவோட வேலை பார்த்து ரிட்டயர் ஆன ஒரு தலைமை ஆசிரியர் அங்க உட்கார்ந்திருந்தார். அவர் கேட்டது ஒரே கேள்வி: "உனக்குப் பேரை மாத்தணுமாலே, இல்ல எழுத்தைத் திருத்தணுமா?"

அந்தக் கேள்விதான் இந்தக் கட்டுரை.

பிழையா, மாற்றமா?

பெயர்த் திருத்தம் வேறு, பெயர் மாற்றம் வேறு. பதிவு செய்தவர் கை தவறி ஒரு எழுத்தை விட்டுவிட்டார், இனிஷியலை விட்டுவிட்டார் என்றால் அது திருத்தம். உங்கள் பெயர் ஏற்கெனவே ஒன்று இருக்கிறது. ஓர் ஆவணம் அதைத் தவறாகச் சொல்கிறது. சரியாகச் சொல்லும் இன்னொரு ஆவணத்தைக் காட்டித் தவறானதைத் திருத்திக்கொள்ளலாம். இதுக்குப் பெரும்பாலும் அரசிதழ் வேண்டாம்.

நேற்று வரை ஒரு பெயரில் இருந்தவர் இன்றிலிருந்து இன்னொரு பெயரில் அறியப்பட விரும்பினால் அது மாற்றம். எண் கணிதம் பார்த்து எழுத்து கூட்டினாலும், மதம் மாறினாலும், சாதிப் பின்னொட்டைத் தூக்கிப் போட்டாலும், வீட்டில் வைத்த பெயர் பிடிக்காமல் போனாலும் சட்டத்தின் கண்ணில் எல்லாம் ஒன்றுதான். இங்கே பழைய ஆவணங்கள் எதுவும் தவறு அல்ல. அவை அந்தக் காலத்தில் உண்மையைத்தான் சொன்னன. அதனால் பழைய பெயரும் புதிய பெயரும் ஒரே ஆளுக்கு உரியவை என்று சொல்ல ஒரு பொது அறிவிப்பு வேண்டும். அதுதான் அரசிதழ்.

திருத்தம் போதுமான இடத்தில் மாற்றத்துக்குப் போனால் என்ன ஆகும்? பத்தாம் வகுப்புச் சான்றிதழில் இருப்பது 'பழைய பெயர்' என்று நீங்களே எழுதிக் கொடுத்ததாகிவிடும். அதன்பின் ஒவ்வொரு இடத்திலும் அரசிதழ்ப் பிரதியைத் தூக்கிக்கிட்டு அலையணும். எனக்கு ஆகவேண்டியது ஆதாரில் ஒரு எழுத்துத் திருத்தம். அதுக்காகப் பேரையே மாத்தப் பார்த்தேன்.

நம்ம பேர் ஏன் இப்படிச் சிக்குது?

தமிழ்ப் பெயருக்குக் குடும்பப் பெயர் கிடையாது, முன்னெழுத்து உண்டு. படிவங்களைத் தயாரித்தவர்கள் முதல் பெயர், கடைசிப் பெயர் என்று இரண்டு பெட்டி போட்டார்கள். பான் விண்ணப்பத்திலும் பாஸ்போர்ட் விண்ணப்பத்திலும் இனிஷியலை அப்படியே எழுத விடமாட்டார்கள், விரித்து எழுதணும். அதனால் அப்பாவின் பெயர் நம் கடைசிப் பெயராகப் போய் உட்காருகிறது. மார்க் ஷீட்டில் ஒற்றை எழுத்தாக இருந்தது பாஸ்போர்ட்டில் ஒரு முழுப் பெயராக நிற்கிறது.

நம்ம மாவட்டத்தில் இன்னும் கொஞ்சம் கூடுதல். 1956 நவம்பர் 1 வரை நாம் திருவிதாங்கூர்–கொச்சி மாநிலத்தில் இருந்தோம். தாத்தா பாட்டி காலத்துப் பத்திரங்கள் சில மலையாளத்தில் இருக்கும். வீட்டுப் பெயர் வைக்கும் வழக்கமும் உண்டு. 'விளை' என்று முடியும் இடப் பெயரை ஆங்கிலத்தில் ஒருவர் 'ஐ' சேர்த்து எழுதுவார், இன்னொருவர் 'ஏ'யோடு நிறுத்துவார். ஞானஸ்நானப் பெயர் ஒன்று, பள்ளிக்கூடப் பெயர் ஒன்று, வீட்டில் கூப்பிடும் பெயர் ஒன்று என்று மூன்றோடு வளர்ந்தவர்களும் நம்மில் உண்டு.

வளைகுடா வேலைக்குப் போகிறவர்கள் அதிகம் உள்ள ஊர் என்பதால் இதையும் கவனியுங்க. 2022 நவம்பர் 21 முதல், பாஸ்போர்ட்டில் கடைசிப் பெயர்ப் பெட்டி காலியாக, ஒற்றைப் பெயர் மட்டும் உள்ளவர்கள் சுற்றுலா விசாவில் ஐக்கிய அரபு அமீரகத்துக்குள் நுழைய முடியாது என்று அறிவிப்பு வந்தது. நம்ம ஊரில் 'இனிஷியல்தானே, விட்டுத்தள்ளு' என்று காலியாக விடும் அதே பெட்டி. முதல் பாஸ்போர்ட் எடுக்கும்போதே அதை நிரப்பிவிடுங்க.

இனிஷியல் விரிவுக்கு ஆதாரம் உங்கள் டி.சி.யிலேயே இருக்கிறது. அதில் அப்பாவின் பெயர் முழுசா இருக்கும். மார்க் ஷீட்டில் உள்ள ஓர் எழுத்து எந்தப் பெயரின் எழுத்து என்பதை அது சொல்லிவிடும். டி.சி.யை கல்லூரியில் கொடுக்கும் முன் நாலு நகல் எடுத்து வைக்கச் சொல்வது அதனால்தான்.

மாற்றம்தான் வேணும்னா: அரசிதழ்

தமிழ்நாட்டில் பெயர் மாற்ற அறிவிப்பை வெளியிடுவது எழுதுபொருள் மற்றும் அச்சுத்துறை. அலுவலகம் சென்னை அண்ணா சாலையில். படிவம் துறையின் இணையதளத்திலேயே கிடைக்கும். என்னென்ன இணைக்கணும், யார் சான்றொப்பம் இடணும், கட்டணம் எவ்வளவு என்பதெல்லாம் படிவத்திலேயே இருக்கும். யாரோ சொன்ன தொகையை நம்பாம அதைப் படிச்சுட்டு நிரப்புங்க. பதினெட்டு வயது ஆகாதவருக்குப் பெற்றோர் விண்ணப்பிக்கணும்.

அரசிதழ் புதன்கிழமை தோறும் வெளியாகும். பெயர் மாற்ற அறிவிப்புகள் வருவது ஆறாம் பகுதி, நான்காம் பிரிவு. ஒருமுறை அதைத் திறந்து பாருங்க. ஒரு ஆளுக்கு ஒரு வாக்கியம்தான். இன்னாருடைய மகன் அல்லது மகள், இந்தத் தேதியில் பிறந்தவர், சொந்த மாவட்டம் இது, இந்த முகவரியில் வசிப்பவர், இனி இந்தப் பெயரில் அறியப்படுவார். அவ்வளவே. ஒரு ஆளின் வாழ்க்கையில் அவ்வளவு பெரிய முடிவு, மூணு நாலு வரியில் முடிஞ்சு போகும்.

அந்த வரிகளில் மூணு விஷயத்தை இருமுறை சரிபார்க்கணும். ஒன்று, பழைய பெயர். அது பத்தாம் வகுப்புச் சான்றிதழில் இருப்பது போல ஓர் எழுத்து பிசகாமல் இருக்கணும். ஆதாரில் வேறு மாதிரி இருந்தா, அரசிதழுக்குப் போகும் முன்னாடியே ஆதாரைச் சரிசெய்யுங்க. இரண்டு, பிறந்த தேதி. பெயர் இரண்டாகும்போது, ஆள் ஒன்றுதான் என்பதைச் சொல்லப்போவது இந்தத் தேதிதான். மூன்று, புதிய பெயர். இனிஷியல் வேணுமா, விரிவு வேணுமா என்பதை இங்கேயே முடிவு செய்யுங்க. பாஸ்போர்ட்டில் விரிவாகத்தான் வரும் என்பதை நினைவில் வைத்து முடிவெடுப்பது நல்லது.

இன்னொன்று பலர் கவனிக்காதது. அந்தப் பகுதியின் தலைப்பிலேயே ஒரு அறிவிப்பு இருக்கும்: பெயர் மாற்ற விளம்பரத்துக்கு அரசு சட்டப் பொறுப்பு ஏற்காது, விளைவுகளுக்கு அறிவிப்புக் கொடுத்தவரே பொறுப்பு. அதாவது அரசு உங்களுக்குப் புதுப் பெயர் 'கொடுப்பதில்லை'. நீங்கள் ஊரறியச் சொல்கிறீர்கள், அரசு அதை அச்சடிக்கிறது. அந்த அச்சை வைத்துக்கொண்டு ஒவ்வொரு அலுவலகத்தையும் நம்பவைக்கும் வேலை இன்னும் மீதி இருக்கு. அரசிதழில் வந்துவிட்டால் எல்லா அட்டையும் தானாக மாறிவிடும் என்று யாராவது சொன்னால் நம்பாதீங்க.

வெளியான பக்கத்தின் பிடிஎஃப் கோப்பைப் பத்திரமா சேமிச்சு வையுங்க. ஒன்று போனில், ஒன்று மெயிலில், ஒன்று அம்மாவின் பீரோவில்.

அப்புறம் எந்த வரிசையில்?

வரிசை முக்கியம். ஒவ்வொரு அட்டையும் அடுத்த அட்டைக்குச் சான்று. முதலில் தவறான படியில் கால் வைத்தால், திரும்ப இறங்கி ஏறணும்.

முதலில் ஆதார். மற்ற எல்லாரும் கேட்பது இதைத்தான். ஆதார் மையத்துக்கு நேரில் போங்க. சின்ன எழுத்துத் திருத்தம் என்றால் சரியான பெயர் உள்ள ஓர் அடையாளச் சான்று. பெயரையே மாற்றியிருந்தால் அரசிதழ்ப் பிரதியோடு, பழைய பெயரில் உள்ள அடையாளச் சான்று ஒன்றும் வேணும். 2025 அக்டோபர் 1 முதல் பெயர், முகவரி போன்ற விவரத் திருத்தத்துக்குக் கட்டணம் 75 ரூபாய். ரசீதில் இருக்கும் யு.ஆர்.என். எண்ணை வைத்து நிலையைப் பார்க்கலாம்.

ஒரு எச்சரிக்கை: ஆதாரில் பெயரை வாழ்நாளில் இரண்டு முறைதான் மாற்றலாம். எழுத்துத் திருத்தமும் அந்தக் கணக்கில் சேரும். சின்ன வயசில் வீட்டில் யாராவது ஒரு முறை திருத்தியிருந்தால் உங்களுக்கு மீதி ஒன்றுதான். அதனால மையத்தில் திரையில் பெயரைக் காட்டும்போது 'சரிண்ணே' என்று தலையாட்டாம, ஒவ்வொரு எழுத்தா வாசிச்சுட்டு அப்புறம் சரி சொல்லுங்க. 'கார்த்திக்' என்ற பேரில் 'ஹெச்' இருக்கா இல்லையா என்பதை அங்க உட்கார்ந்திருக்கிற அண்ணன் எப்படி அறிவார்?

இரண்டாவது பான். புரோட்டீன் அல்லது யு.டி.ஐ.ஐ.டி.எஸ்.எல். தளத்தில் திருத்தத்துக்கு விண்ணப்பிக்கலாம். புதிய பான் எண் கேட்டு விண்ணப்பிக்காதீங்க. ஒருவருக்கு ஒரு எண்தான். பெயர் மாறினாலும் எண் மாறாது. ஆதாரும் அப்படித்தான்: அட்டை புதுசு, எண் பழசு.

மூன்றாவது பேங்க். ஆதார், பான் இரண்டும் கையில் வந்தபின் கிளைக்குப் போனால் ஒரே நாளில் மனு கொடுத்துவிடலாம். உதவித்தொகை, கல்விக்கடன், நாளைக்குச் சம்பளம் எல்லாம் இந்தக் கணக்குக்குத்தான் வரும் என்பதால் தள்ளிப்போடாதீங்க.

நான்காவது வாக்காளர் அட்டையும் ஓட்டுநர் உரிமமும். வாக்காளர் பட்டியலில் திருத்த படிவம் 8. இணையத்திலேயே போடலாம். ஓட்டுநர் உரிமத்துக்கு 'சாரதி' தளம். நம்ம பக்கத்து வண்டிகளில் டி.என். 75 என்று பார்ப்பீங்களே, அந்த மார்த்தாண்டம் ஆர்.டி.ஓ. ஆபீஸ்தான் நமக்கு.

கடைசியாக பாஸ்போர்ட். ஏற்கெனவே இருந்தால் 'மறு வழங்கல்' பிரிவில், சொந்த விவரங்களில் மாற்றம் என்று விண்ணப்பிக்கணும். எந்த வகை மாற்றத்துக்கு என்ன தாள் வேணும் என்பதை பாஸ்போர்ட் சேவா தளத்தில் கேள்வி கேள்வியாகக் கேட்டுப் பட்டியல் கொடுத்துவிடும். திருநெல்வேலி சேவா மையம் வரை போய் ஒரு தாள் குறைந்து திரும்புவதைவிட, வீட்டில் பத்து நிமிஷம் அந்தப் பட்டியலைப் பார்ப்பது லாபம். பாஸ்போர்ட்டில் மட்டும் எண்ணும் மாறும். பழைய புத்தகத்தில் விசா இருந்தால் இரண்டையும் சேர்த்து வைத்துக்கொள்ளணும்.

மாறாத தாள் ஒன்று

இனி நம்ம வயிற்றைக் கலக்கும் விஷயம்: மார்க் ஷீட். அரசிதழில் பெயர் மாற்றினால் பத்தாம் வகுப்பு, பிளஸ் டூ சான்றிதழ்களையும் புதுப் பெயரில் அச்சடித்துத் தருவார்கள் என்று பலர் நினைக்கிறார்கள். பொதுவாக அப்படி நடப்பதில்லை. பள்ளிப் பதிவேட்டில் சரியாக இருந்து சான்றிதழில் மட்டும் தவறாக அச்சாகியிருந்தால், பள்ளி வழியாக அரசுத் தேர்வுகள் இயக்ககத்துக்கு விண்ணப்பித்துத் திருத்தலாம். அது பிழை. தேர்வுக்குப் பின் நீங்களாக மாற்றிக்கொண்ட பெயருக்கு, பழைய சான்றிதழோடு அரசிதழைச் சேர்த்துக் காட்டுவதே நடைமுறை.

இதை எதிர்த்துக் கேட்டவர்களும் உண்டு. சி.பி.எஸ்.இ. சான்றிதழில் திருத்தம் கோரி ஜிக்யா யாதவ் என்ற மாணவி தொடர்ந்த வழக்கிலும் அதோடு சேர்ந்த மற்ற வழக்குகளிலும், 2021 ஜூன் 3 அன்று உச்ச நீதிமன்றம் தீர்ப்புச் சொன்னது. பெயர் என்பது ஒருவரின் அடையாள வெளிப்பாடு. அரசியலமைப்பின் 19(1)(அ) பிரிவு தரும் கருத்துச் சுதந்திரத்துக்குள் அது வரும் என்றது. மாற்றமே கூடாது என்று வாரியம் கதவை அடைக்க முடியாது என்றும் சொன்னது. ஆனால் அதே தீர்ப்பு, புதுச் சான்றிதழ் கொடுத்தாலும் பொதுவாகப் பழைய விவரமும் அதில் குறிப்பிடப்பட வேண்டும் என்றது. உரிமை உண்டு, அதோடு பழைய பேரின் தடமும் இருக்கும்.

தடம் இல்லாவிட்டால் என்ன ஆகும் என்பதற்கு நம் மாநிலத்திலேயே ஒருவர் இருக்கிறார். சேலத்தைச் சேர்ந்த திருநங்கை பிரித்திகா யாஷினி காவல் உதவி ஆய்வாளர் தேர்வுக்கு விண்ணப்பித்தபோது முதலில் நிராகரிக்கப்பட்டார். சான்றிதழில் இருந்த பெயரும் விண்ணப்பத்தில் இருந்த பெயரும் பொருந்தாதது ஒரு தடையாக வந்தது. அவர் சென்னை உயர் நீதிமன்றத்துக்குப் போனார். 2015 நவம்பரில் நீதிமன்றம் அவருக்குச் சாதகமாகச் சொன்னது. 2017-இல் நாட்டின் முதல் திருநங்கை உதவி ஆய்வாளராகப் பொறுப்பேற்றார். படிப்பும் தகுதியும் உடல் வலுவும் இருந்த ஒருவரை, தாளில் இருந்த பெயர் வாசலிலேயே நிறுத்தியது.

திருநர் நண்பர்களுக்கு இப்போது வேறொரு வழியும் உண்டு. 2019-ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி மாவட்ட ஆட்சியர் தரும் அடையாளச் சான்றிதழைக் காட்டிப் பெயரையும் பாலினத்தையும் ஆவணங்களில் மாற்றக் கோரலாம். வகுப்பில் அப்படி ஒருவர் இருந்தால், அவருக்கு ஆவண வேலையில் கூடப் போய் நிற்பது நட்பில் சேரும்.

கல்யாணம் ஆகப்போகிற அக்காக்களுக்கும் ஒரு வரி: கல்யாணத்துக்குப் பின் கணவர் பெயரைச் சேர்த்தே ஆகணும் என்று எந்தச் சட்டமும் சொல்லவில்லை. அப்பாவின் இனிஷியலோடேயே கடைசி வரை இருக்கலாம். மாற்றுவதானால் மேலே சொன்ன வரிசை முழுக்க நடக்கணும் என்று தெரிந்து மாற்றுங்க.

எப்போ செய்யணும்?

என் பதில்: இப்போ. இறுதி ஆண்டு வரை காத்திருக்காதீங்க. டிகிரிச் சான்றிதழில் எந்தப் பெயர் வரும் என்பது நீங்கள் சேரும்போது கொடுத்த மார்க் ஷீட்டை வைத்துத்தான். பல்கலைக்கழகப் பதிவில் எழுத்துப்பிழை இருந்தால், படிக்கும்போதே கல்லூரி அலுவலகத்தில் எழுதிக் கொடுத்துத் திருத்துவது எளிது. சான்றிதழ் அச்சாகிக் கையில் வந்த பிறகு அது தனிப் போராட்டம்.

வேலைக்குச் சேரும்போது பின்னணிச் சரிபார்ப்பு செய்பவர் உங்களைப் பார்த்ததே இல்லை. அவருக்கு நீங்கள் நாலு பிடிஎஃப் கோப்புகள்தான். அரசுத் தேர்வுகளில் பல இடங்களில் பத்தாம் வகுப்புச் சான்றிதழில் உள்ளபடி பெயரை நிரப்பச் சொல்வார்கள். ஆகவே பேரை மாற்றும் எண்ணம் இல்லாதவர்களுக்கு விதி ஒன்றே ஒன்று: மாறாத தாள் பத்தாம் வகுப்பு. மற்ற எல்லாத்தையும் அதுக்குப் பக்கத்தில் கொண்டுவந்து நிறுத்துங்க.

அவசரத்தில் மாட்டிக்கொண்டால்? இரண்டு பெயரும் ஒருவரையே குறிக்கும் என்று நோட்டரி முன் கையெழுத்திட்ட பிரமாணப் பத்திரம் கொஞ்ச நாள் தாங்கும். எல்லைக்கு அந்தப் பக்கம் கேரளத்தில் 'இருவரும் ஒருவரே' என்று கிராம அலுவலகத்திலேயே சான்றிதழ் கொடுக்கிறார்கள். களியக்காவிளை தாண்டினால் நடைமுறையே மாறிவிடுகிறது. நமக்கு இங்கே நோட்டரிதான். ஆனால் பிரமாணப் பத்திரம் ஒரு தற்காலிகக் கட்டு. உள்ளே உள்ள பிழையை அது ஆற்றாது.

நான் அதைத்தான் செய்தேன். பிரமாணப் பத்திரம் கொடுத்து இரண்டு வாரம் தாமதமாக இன்டர்ன்ஷிப்பில் சேர்ந்தேன். அந்த இரண்டு வாரச் சம்பளம் போனது போனதுதான். ஆதாரில் எழுத்தைத் திருத்தி இனிஷியலையும் விரித்தேன், பான் அதோடு ஒத்துப்போனது. இனிஷியலை விளக்க டி.சி. நகல் கூடவே இருக்கு. பாதி நிரப்பின அரசிதழ்ப் படிவம் இன்னும் என் அலமாரியில் கிடக்கு. நல்ல வேளை, அனுப்பலை.

கிழித்து ஒட்டிக்கொள்ள ஒரு பட்டியல்

1. எல்லா ஆவணங்களையும் பரப்பி, பெயரை எழுத்தெழுத்தாக ஒப்பிடு.
2. பிழையா மாற்றமா என்று முடிவு செய். பிழை என்றால் பத்தாம் வகுப்பை வைத்துத் திருத்து.
3. மாற்றம் என்றால் அரசிதழ். பழைய பெயர், பிறந்த தேதி, புதிய பெயர் மூன்றையும் இருமுறை பார்.
4. ஆதார், பான், பேங்க், வாக்காளர் அட்டை, உரிமம், பாஸ்போர்ட். இந்த வரிசையை மாற்றாதே.
5. ஆதாரில் இரண்டே வாய்ப்பு. திரையைப் பார்க்காமல் சரி சொல்லாதே.
6. பழைய பெயர் உள்ள எந்தத் தாளையும் தூக்கிப் போடாதே.

ஆறாவதை மட்டும் இன்னொரு தடவை சொல்கிறேன். புதுப் பெயர் கிடைத்த சந்தோஷத்தில் பழைய அட்டைகளைக் கிழித்துப் போட்டவர்கள் உண்டு. செய்யாதீங்க. புதுப் பெயரில் இருப்பவர் படித்ததற்கும் தேர்வு எழுதியதற்கும் சாட்சி பழைய பெயர்தான். ரெண்டையும் ஒரே ஃபைலில், நடுவில் அரசிதழ் பக்கத்தோடு வையுங்க.

சரி மக்களே, மேசை மேல வச்ச தாள்களை இப்போ எடுத்து உள்ள வையுங்க. ஆதாரையும் மார்க் ஷீட்டையும் மட்டும் வெளிய விடுங்க. ஒரு எழுத்தாவது மாறியிருந்தா, வர்ற சனிக்கிழமை ஆதார் மையத்துக்குக் கிளம்புங்க.